நிலம் மலையில், வழக்கு சமவெளியில்: ஒரு போலிப் பவர் பத்திர வழக்கு

நீலகிரியில் ஒரு சரிவில் 1 ஏக்கர் 40 சென்ட் தேயிலை. 1984-இல் அதைக் கிரயம் வாங்கியவர் 2003-இல் இறந்துபோனார். அதே மனிதர் 2010-இல் சமவெளியில் உள்ள ஒரு சார்பதிவாளர் அலுவலகத்துக்கு நேரில் வந்து, நிலத்தை விற்க இன்னொருவருக்குப் பவர் எழுதிக் கொடுத்ததாக ஒரு பத்திரம் பதிவாகியிருக்கிறது. 2011-இல் அந்தப் பவர் ஏஜென்ட் நிலத்தை ஒரு வியாபாரிக்குக் கிரயம் செய்தார். கிரயப் பத்திரம் மட்டும் மலையில் பதிவானது. 2012-இல் பட்டாவும் வியாபாரி பெயருக்கு மாறிவிட்டது.

இறந்தவர் கையெழுத்துப் போட முடியாது என்று சொல்ல ஒரு கோர்ட் வேண்டுமா? வேண்டியிருந்தது. அதுவும் அந்த வழக்கைக் கேட்க அதிகாரம் உள்ள கோர்ட்டாக இருக்க வேண்டியிருந்தது. அங்கே போய்ச் சேரவே இந்தக் குடும்பத்துக்கு ஐந்தரை வருடம் ஆனது. வாதி தரப்புக்கு நான் இரண்டாவதாக வந்த வக்கீல். ஆட்களின் பெயரும் சர்வே எண்ணும் ஊரும் இங்கே வராது. நடந்ததை மட்டும் எழுதுகிறேன். இதே பாதையில் இப்போதும் பலர் போய்க்கொண்டிருக்கிறார்கள், அவர்களில் ஒருவராவது பாதியில் திரும்பினால் போதும்.

தெரிந்த நாள்

2012 ஆகஸ்டில் கூட்டுறவுச் சங்கத்தில் பயிர்க்கடன் கேட்க மகன் சிட்டா எடுக்கப் போனார். சிட்டாவில் அப்பா பெயர் இல்லை. யார் என்றே தெரியாத ஒருவரின் பெயர் இருந்தது. வில்லங்கச் சான்று போட்டுப் பார்த்த பிறகுதான் பவரும் கிரயமும் வெளியே வந்தன. இத்தனைக்கும் தோட்டத்தில் கொழுந்து எடுத்துக்கொண்டிருந்தது இவர்கள்தான். வாங்கியதாகச் சொன்னவர் ஒரு நாளும் சரிவில் கால் வைத்ததில்லை.

முதலில் போனது போலீஸ் ஸ்டேஷன். "இது சிவில் மேட்டர், கோர்ட்டுக்குப் போங்க" என்றார்கள். அந்தப் பதிலை நான் இன்றும் ஏற்கவில்லை. ஆள்மாறாட்டம் செய்து பத்திரம் பதிவது பதிவுச் சட்டத்தின் 82-ஆம் பிரிவிலும் குற்றம், அப்போதிருந்த இந்திய தண்டனைச் சட்டத்திலும் குற்றம். ஆனால் குற்றம் நடந்த இடம் சமவெளி, புகார் போன இடம் மலை. குற்ற வழக்கு குற்றம் நடந்த இடத்தின் பின்னால் போகும், சிவில் வழக்கு நிலத்தின் பின்னால் போகும். இதை அன்றைக்கே யாராவது அந்தக் குடும்பத்துக்குச் சொல்லியிருந்தால் இந்தக் கட்டுரைக்கே வேலை இருந்திருக்காது. யாரும் சொல்லவில்லை.

அப்புறம் திங்கட்கிழமை குறைதீர் நாளில் மனு. அது தாசில்தாருக்குப் போனது. தாசில்தார் வருவாய்க் கோட்டாட்சியரான ஆர்.டி.ஓ.விடம் மேல்முறையீடு செய்யச் சொன்னார். 2013 நடுவில் ஆர்.டி.ஓ. ஒரு பக்கத்தில் உத்தரவு போட்டார்: பதிவான பத்திரம் இருக்கிறது, உரிமை பற்றித் தகராறு இருக்கிறது, உரிமையியல் நீதிமன்றத்தில் பரிகாரம் தேடிக்கொள்ளவும்.

குடும்பத்துக்கு அது கதவைச் சாத்தியது போலப் பட்டது. சட்டப்படி அந்த உத்தரவு சரி. பட்டா பாஸ்புத்தகச் சட்டம் 1983-இன்படி வருவாய்த் துறை பதிவேட்டைத்தான் திருத்தலாம், நிலம் யாருடையது என்று தீர்மானிக்க முடியாது. அந்தச் சட்டத்தின் 14-ஆம் பிரிவே, பதிவினால் பாதிக்கப்பட்டவர் தன் உரிமையை விளம்ப, அதாவது கோர்ட் அறிவிக்கக் கோரி வழக்குப் போடலாம் என்கிறது, தீர்ப்பு வந்ததும் பதிவை அதன்படி மாற்ற வேண்டும் என்றும் சொல்கிறது. உரிமைத் தகராறில் வருவாய் அதிகாரிகள் இறங்கக் கூடாது என்று சென்னை உயர்நீதிமன்றம் 2011-இல் விஸ்வாஸ் ஃபுட்வேர் வழக்கில் தெளிவாகவே சொல்லிவிட்டது. என் வருத்தம் வேறு. வாரிசுகளுக்கு ஒரு நோட்டீஸ்கூட அனுப்பாமல் பட்டாவை மாற்றும்போது எவருக்கும் உரிமை பற்றிய சந்தேகம் வரவில்லை, திருத்திக் கொடு என்று கேட்டபோதுதான் வந்தது.

சமவெளியில் போட்ட வழக்கு

2013 நவம்பரில் வழக்குப் போட்டார்கள். மகன் வேலை பார்த்த சமவெளி ஊரில் ஒரு மூத்த வக்கீல். பவர் பதிவானது அங்கே, பவர் ஏஜென்ட் குடியிருப்பது அங்கே, வாங்கிய வியாபாரிக்குக் கடையும் அங்கே. மாதா மாதம் வாய்தாவுக்கு மலை ஏறி இறங்க வேண்டாம் என்று எல்லோருக்கும் ஒரு நிம்மதி. பிராதில், அதாவது வழக்கு மனுவில், கேட்டது இரண்டு: பவர் பத்திரத்தை ரத்து செய்ய வேண்டும், கிரயப் பத்திரத்தை ரத்து செய்ய வேண்டும்.

தவறு இங்கேதான். அது எப்படி நேர்ந்தது என்று கொஞ்சம் நின்று பார்க்க வேண்டும், ஏனென்றால் நல்ல வக்கீல்களே இதில் வழுக்கி விழுகிறார்கள்.

உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 20-ஆம் பிரிவு, பிரதிவாதி குடியிருக்கும் இடத்திலோ வழக்குக்கான காரணம் எழுந்த இடத்திலோ வழக்குப் போடலாம் என்கிறது. கடன் வழக்கு, ஒப்பந்த வழக்கு என்று பழகியவர்களுக்கு இதுதான் கைவந்த பாடம். ஆனால் அந்தப் பிரிவு முன்னால் உள்ள பிரிவுகளுக்கு உட்பட்டுத்தான் செயல்படும். 16-ஆம் பிரிவு முன்னால் நிற்கிறது: அசையாச் சொத்தில் உள்ள உரிமையைத் தீர்மானிக்கும் வழக்கு, சொத்து எங்கே இருக்கிறதோ அங்கேதான். ஒரே சொத்து இரண்டு கோர்ட்டுகளின் எல்லையில் விரிந்து கிடந்தால் 17-ஆம் பிரிவு எதில் வேண்டுமானாலும் போட இடம் தருகிறது. இந்த 1 ஏக்கர் 40 சென்ட் முழுவதும் ஒரே சரிவில் இருந்தது.

16-ஆம் பிரிவின் கடைசியில் ஒரு விதிவிலக்கு உண்டு. சொத்து பிரதிவாதியின் கையில் இருந்து, கேட்கும் பரிகாரம் அவர் தானாகக் கீழ்ப்படிந்தாலே முழுவதும் கிடைத்துவிடும் என்றால், அவர் இருக்கும் ஊரிலும் வழக்குப் போடலாம். மூத்த வக்கீல் இதைத்தான் பிடித்துக்கொண்டார். நிலத்தைக் கேட்கவில்லையே, பத்திரத்தைத்தானே ரத்து செய்யக் கேட்கிறோம் என்பது அவர் வாதம். கேட்க நன்றாக இருக்கும். ஆனால் பத்திரம் போலி என்று சொல்ல வேண்டுமானால் நிலம் யாருடையது என்று சொல்லியாக வேண்டும். நிலமும் பிரதிவாதி கையில் இல்லை, இவர்கள் கையில்தான் இருந்தது. விதிவிலக்கு இரண்டு பக்கத்திலும் பொருந்தவில்லை.

வியாபாரி தன் எதிருரையில், 2014-லேயே, நிலம் தன் எல்லைக்குள் இல்லாததால் இந்தக் கோர்ட்டுக்கு அதிகாரம் இல்லை என்று எழுதிவிட்டார். கோர்ட் அதை ஓர் எழுவினாவாகவும், அதாவது தீர்க்க வேண்டிய கேள்வியாகவும், வனைந்தது. ஆனால் முதலில் எடுத்து விசாரிக்கவில்லை. அதிகாரம் பற்றிய சட்டப் பிரச்சினையை முதல் எழுவினாவாக எடுத்துத் தீர்க்கலாம் என்று அதே நடைமுறைச் சட்டத்தின் கட்டளை 14, விதி 2 சொல்கிறது. எடுத்திருந்தால் ஒரு வருடத்தில் முடிந்திருக்கும். இடைக்காலத் தடை கொடுத்தார்கள், சாட்சி விசாரணை தொடங்கியது, நீதிபதிகள் மாறினார்கள். 2018 பிப்ரவரியில், வாதங்கள் எல்லாம் கேட்ட பிறகு, அதிகாரம் இல்லை என்று பிராதைத் திருப்பிக் கொடுத்தார்கள்.

அந்த உத்தரவு உச்ச நீதிமன்றம் 2005-இல் ஹர்ஷத் சிமன்லால் மோடி எதிர் டி.எல்.எஃப். வழக்கில் சொன்னதைத் தாங்கி நின்றது. அங்கே மனை குர்கானில், வழக்கு டெல்லியில். எதிர்த்தரப்பு ஆரம்பத்தில் டெல்லி கோர்ட்டின் அதிகாரத்தை ஒப்புக்கொண்டுகூட இருந்தது. இருந்தும் 16-ஆம் பிரிவு தராத அதிகாரத்தைத் தரப்பினரின் சம்மதம் தர முடியாது என்றது உச்ச நீதிமன்றம். நமக்கோ எதிர்த்தரப்பு முதல் நாளே ஆட்சேபித்திருந்தது. மேல்முறையீட்டில் சொல்ல ஒன்றுமில்லை.

மூன்று வாரம்

இந்தக் கட்டத்தில்தான் மகன் வழக்குக் காகிதக் கட்டைத் தூக்கிக்கொண்டு என்னிடம் வந்தார். பிராதின் பின்புறத்தில் தாக்கல் செய்த தேதி, திருப்பிய தேதி, தாக்கல் செய்தவர் பெயர், சுருக்கமான காரணம், நீதிபதியின் கையெழுத்து. நாலு வருட வழக்கு அந்த ஐந்து வரிக்குள் அடங்கியிருந்தது.

மறு தாக்கலுக்குத் தயார் செய்ய எனக்கு மூன்று வாரம் பிடித்தது. அந்த மூன்று வாரத்தைப் பற்றி எனக்கு இன்னும் மனசு ஆறவில்லை. பிராது திரும்பியதும் பழைய இடைக்காலத் தடையும் போய்விடும். எந்தக் கோர்ட்டில் தாக்கல் செய்யப்போகிறோம் என்று சொல்லி, ஆஜராகும் தேதியைக் குறித்துத் தரும்படி திருப்பி அனுப்பும் கோர்ட்டிடமே கேட்க அந்த நடைமுறைச் சட்டத்தின் கட்டளை 7, விதி 10-ஏ வழி தருகிறது. அந்த மனுவை யாரும் போடவில்லை. உறைபனிக் காலம். ஒரு காலையில் கொழுந்து எடுக்கப் போன பெண்கள் திரும்பி வந்து, தோட்டத்து மேல் முனையில் கம்பி கட்டியிருக்கிறது, பலகை நட்டிருக்கிறது என்றார்கள். பலகையில் வியாபாரியின் பெயரும் பட்டா எண்ணும். அம்மா போய்ப் பார்த்தார். அப்போதே அவருக்கு எழுபது தாண்டிவிட்டது. கணவர் கைப்பட நட்ட சில்வர் ஓக் மரத்தில் கம்பியைச் சுற்றி ஆணி அடித்திருந்தார்கள். எனக்குப் போன் போட்டு, "தம்பி, மரத்துல ஆணி அடிச்சிட்டாங்க" என்று மட்டும் சொன்னார். நிலம் போய்விட்டது என்றுகூடச் சொல்லவில்லை.

அன்று சாயங்காலமே மலைக் கோர்ட்டில் தாக்கல் செய்து, மறுநாள் இடைக்காலத் தடை வாங்கினோம்.

பிராதையும் மாற்றி எழுதினேன். ரத்து என்பது பத்திரத்தை எழுதிக்கொடுத்தவர் கேட்க வேண்டிய பரிகாரம். எழுதிக்கொடுக்காதவர், இந்தப் பத்திரம் என்னைக் கட்டுப்படுத்தாது என்று விளம்பக் கோரினால் போதும். உச்ச நீதிமன்றம் 2010-இல் சுஹ்ரித் சிங் வழக்கில் இந்த வேறுபாட்டைத் தெளிவாக்கியது. நம் ஆள் எதையும் எழுதிக்கொடுக்கவில்லை. ஆகவே உரிமை விளம்புகை, இரண்டு பத்திரமும் செல்லாது என்ற விளம்புகை, அனுபவத்துக்கு இடையூறு செய்யாமல் நிரந்தர உறுத்துக்கட்டளை, அதாவது தடை. தடை மட்டும் கேட்டால் போதாதா என்று மகன் கேட்டார். எதிரி கையில் ஒரு பத்திரம் இருந்து உரிமையின் மேல் நிழல் விழுந்துவிட்டால் விளம்புகையும் கேட்டாக வேண்டும். 2008-இல் அனதுல சுதாகர் வழக்கில் வந்த தீர்ப்பு அது.

அடுத்த கேள்வி காலவரையறை. விளம்புகை கேட்க மூன்று வருடம். தெரிந்தது 2012 ஆகஸ்ட், மலையில் தாக்கல் 2018 மார்ச். காலவரையறைச் சட்டத்தின் 14-ஆம் பிரிவு இல்லை என்றால் கதை அங்கேயே முடிந்திருக்கும். அதிகாரமில்லாத கோர்ட்டில் நல்லெண்ணத்தோடும் கவனத்தோடும் வழக்கு நடத்திய காலத்தை அந்தப் பிரிவு கழித்துவிடும். கழித்தால் மிச்சம் சுமார் பதினாறு மாதம். வக்கீலின் தவறு நல்லெண்ணம் ஆகாது என்று வியாபாரி தரப்பு வாதாடியது. அந்தக் கோர்ட்டே தடையும் கொடுத்து நாலு வருடம் விசாரித்தும் இருக்கிறதே, கட்சிக்காரரை மட்டும் எப்படிக் குறை சொல்வது என்றோம். நீதிபதி எங்கள் பக்கம் நின்றார்.

போன சாட்சி

சட்டம் கழித்துக் கொடுத்தது நாட்களைத்தான். ஒரு சாட்சியை அதனால் திருப்பித் தர முடியவில்லை.

1984 கிரயத்தில் சாட்சிக் கையெழுத்துப் போட்ட பக்கத்துத் தோட்டக்காரர், 2016-இல் சமவெளிக் கோர்ட்டில் கூண்டேறிச் சொன்னார்: எல்லை இது, வாங்கினது இவர், செத்ததும் இவர், பாடையைத் தூக்கினவர்களில் நானும் ஒருவன். குறுக்கு விசாரணையிலும் அசையவில்லை. 2017-இல் அவர் இறந்துவிட்டார். திருப்பிய பிராதை வேறு கோர்ட்டில் தாக்கல் செய்தால் அது புது வழக்கு, விசாரணை முதலிலிருந்து. இதை 2020 ஆகஸ்டில் ஈ.எக்ஸ்.எல். கேரியர்ஸ் வழக்கில் மூன்று நீதிபதிகள் அமர்வு ஐயமில்லாமல் உறுதிசெய்தது. இறந்த சாட்சியின் பழைய வாக்குமூலத்தைச் சாட்சியச் சட்டத்தின் 33-ஆம் பிரிவில் கொண்டுவரப் பார்த்தேன். அதிகாரமே இல்லாத கோர்ட்டில் பதிந்த வாக்குமூலம் அது என்று எதிர்த்தரப்பு ஆட்சேபித்தது. கோர்ட் ஏற்கவில்லை. ஆறு பக்கம் தட்டச்சு செய்த தாள் அது, இன்றும் என் வழக்குக் கட்டுக்குள் இருக்கிறது.

எதிர்த்தரப்பின் கதை, 2010-இல் பவர் கொடுத்தவர் அதே பெயருள்ள உண்மையான சொந்தக்காரர், 2003-இல் இறந்தவர் வேறு ஆள் என்பது. இறப்புச் சான்று மட்டும் போதாமல் போனது இதனால்தான். நல்ல வேளையாக, இறந்தவர் 1991-இல் வங்கியில் தோட்டத்தை அடமானம் வைத்திருந்தார். எழுதிக்கொடுத்தவர் என்ற முறையில் சார்பதிவாளரின் ரேகைப் பதிவேட்டில் அவருடைய இடது பெருவிரல் ரேகை இருந்தது. பதிவேடுகளை வரவழைத்து நிபுணரிடம் அனுப்பினோம். 1991 ரேகையும் 2010 ரேகையும் ஒருவருடையவை அல்ல என்று அறிக்கை வந்தது.

அறிக்கை வருவதற்கு முன்னாலேயே எனக்கு விஷயம் உறுதியாகியிருந்தது. அதைக் கண்டுபிடித்தது நான் அல்ல, அம்மாதான். அவர் கணவரின் பெயரில் ஒரு 'லை' வரும். 1978-இல் தமிழக அரசு எழுத்தைச் சீர்திருத்துவதற்கு முன்பே எழுதப் படித்தவர் அவர். ஆகவே 'ல'வின் தலையில் தும்பிக்கை போட்டு, பழைய மாதிரி லையைத்தான் கடைசி வரைக்கும் எழுதினார். 1984 பத்திரத்திலும் தும்பிக்கை, 1991 அடமானத்திலும் தும்பிக்கை, ரேஷன் கார்டு மனுவிலும் தும்பிக்கை. 2010 பவரில் முன்னால் ஐகாரக் கொம்பு போட்ட புது லை. நகலைக் கையில் வாங்கிய அம்மா கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு, அந்த எழுத்தின் மேல் விரலை வைத்து, "இது அவர் லை இல்ல தம்பி" என்றார். கூண்டிலும் அதையே சொன்னார். கையெழுத்தைக் கோர்ட் தானே ஒப்பிட்டுப் பார்க்க அப்போதிருந்த சாட்சியச் சட்டத்தின் 73-ஆம் பிரிவு அனுமதித்தது. நீதிபதி மூன்று பத்திரங்களையும் மேசையில் அடுத்தடுத்து வைத்துப் பார்த்தார். தீர்ப்பில் அந்த ஓர் எழுத்துக்கு ஒரு பத்தி ஒதுக்கியிருந்தார்.

வியாபாரியின் கடைசி வாதம், வில்லங்கம் பார்த்து, பணம் கொடுத்து, நல்லெண்ணத்தில் வாங்கினேன் என்பது. சட்டியில் இருந்தால்தானே அகப்பையில் வரும்? விற்றவருக்கே உரிமை இல்லை என்றால் வாங்கியவருக்கு எங்கிருந்து வரும்? உண்மையான பவராகவே இருந்திருந்தாலும், கொடுத்தவர் இறந்ததும் முகவரின் அதிகாரம் முடிந்துவிடுகிறது. அவர் உயிரோடு இருக்கிறாரா என்று ஒருமுறை தோட்டத்துக்கு வந்து விசாரித்திருந்தால் அந்த வியாபாரியின் பணமும் தப்பியிருக்கும்.

நடுவில் திறந்த ஒரு கதவு

2022 ஆகஸ்டில் பதிவுச் சட்டத்தில் 77-ஏ பிரிவு தமிழ்நாட்டில் நடைமுறைக்கு வந்தது. மோசடிப் பத்திரத்தை மாவட்டப் பதிவாளரே ரத்து செய்யலாம் என்றார்கள். வழக்கை விட்டுவிட்டு அங்கே போகலாமா என்று மகன் ஆசையோடு கேட்டார். பத்து வருடம் அலைந்தவர் கேட்கத்தான் செய்வார். வேண்டாம் என்று பிடித்து நிறுத்தினேன். ரேகையும் நிபுணரும் குறுக்கு விசாரணையும் வேண்டியிருக்கிற உரிமைத் தகராறை ஒரு பதிவு அதிகாரி எப்படித் தீர்க்க முடியும்? 2024-இல் சென்னை உயர்நீதிமன்றம் அந்தப் பிரிவையே செல்லாது என்று அறிவித்தது. அங்கே போய் உத்தரவு வாங்கியிருந்தாலும் அதை வைத்துக்கொண்டு மறுபடியும் அலைந்திருப்போம்.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். இதே மாவட்டத்தில் கூடலூர், பந்தலூர் பக்கத்து நிலம் என்றால் முதல் கேள்வியே வேறு. அங்கே பல நிலங்கள் பழைய ஜென்ம எஸ்டேட்டுகள், அதாவது ஜென்மிகளின் பரம்பரை நிலங்கள். 1969-இல் இயற்றிய கூடலூர் ஜென்ம எஸ்டேட் ஒழிப்புச் சட்டம் 1974 நவம்பரில் நடைமுறைக்கு வந்தது. அதை எதிர்த்துத் தொடங்கிய சட்டப் போர் 1972-இன் பால்மாடிஸ் தீர்ப்பில் ஆரம்பித்து, 2007-இல் ஒன்பது நீதிபதிகள் தீர்ப்பளித்த ஐ.ஆர். கொயலோ வழக்கு வரை போனது. அங்கே பத்திரத்தை மட்டும் பார்த்து வழக்குப் போடக் கூடாது. நிலம் அந்தச் சட்டத்தில் எந்தப் பிரிவில் விழுகிறது, 17-ஆம் பிரிவு சொல்லும் குத்தகைத் தோட்ட நிலமா என்று முதலில் பார்க்க வேண்டும். கொடைக்கானல்காரர்களுக்கு மேல்முறையீட்டுப் பாதையும் வேறு: திண்டுக்கல் மாவட்டம் உயர்நீதிமன்றத்தின் மதுரைக் கிளைக்குப் போகும், நீலகிரி சென்னைக்குப் போகும்.

தீர்ப்புக்குப் பிறகு

2023 ஜூனில் கேட்டபடியே தீர்ப்பு வந்தது. பவர் ஏஜென்ட் கடைசி வரை ஆஜராகவில்லை. வியாபாரி மேல்முறையீடு செய்தார், அதுவும் தள்ளுபடி ஆனது. தாசில்தார் தீர்ப்பின் நகலை வைத்துப் பட்டாவை வாரிசுகள் பெயருக்கு மாற்றிக் கொடுத்தார். மேல் முனையில் இருந்த கம்பியை மகன் பிரித்துவிட்டார். ஆணியைப் பிடுங்கினால் மரம் காயப்படும் என்று அம்மா விடவில்லை.

குறித்தவகை நிவாரணச் சட்டத்தின் (Specific Relief Act) 31-ஆம் பிரிவு, பதிவான பத்திரம் ஒன்று ரத்தானால் கோர்ட் தீர்ப்பாணையின் நகலைப் பதிவு அதிகாரிக்கு அனுப்ப வேண்டும், அவர் தன் புத்தகத்தில் உள்ள நகலில் அதைக் குறித்துவைக்க வேண்டும் என்கிறது. நம்முடையது விளம்புகை என்பதால் இரண்டு அலுவலகங்களுக்கும் நகல் அனுப்பத் தீர்ப்பிலேயே உத்தரவு கேட்டு வாங்கியிருந்தேன். மலையில் கிரயம் பதிவான அலுவலகத்தில் குறிப்பு ஏறிவிட்டது, வில்லங்கச் சான்றிலும் வருகிறது. சமவெளியில் பவர் பதிவான அலுவலகத்தில் இன்னும் ஏறவில்லை. தபாலில் அனுப்பிய நகல் வந்து சேரவில்லை என்கிறார்கள். ஒப்புகை அட்டை என்னிடம் இருக்கிறது. வரும் செவ்வாய்க்கிழமை அதையும் இன்னொரு சான்றிட்ட நகலையும் எடுத்துக்கொண்டு மகனோடு நானும் மலை இறங்குகிறேன்.